வேண்டாக்குறி வரைந்த கதவு

1

இந்தக் கதையை எனக்குக் கொடுத்தவர் இன்டர்நெட் ஒயர் சரிபார்க்க வந்த ஆள். கனவில் வந்தது, பேருந்தில் போகும்போது பளிச்சென்று தோன்றியது என்றெல்லாம் சொல்ல எனக்கும் ஆசைதான். ஆனால் நான் மருந்துப் பெட்டிகளுக்குள் மடித்து வைக்கிற தாள்களுக்குப் பிழை திருத்துகிறவள். தலைசுற்றல் வரலாம், வாய் உலரலாம், வண்டி ஓட்ட வேண்டாம் என்று உள்ளதை உள்ளபடி சொல்லியே பிழைப்பு நடக்கிறது. கதை எழுதுவது மாலை நேரத்துப் பழக்கம். அங்கேயும் அந்தப் புத்தி போகமாட்டேன் என்கிறது.

எங்கள் வீட்டுப் பின்னறைக் கதவு நாலைந்து மாதமாகச் சாத்தியே இருக்கிறது. உள்ளே என் மகள். பல் கட்டும் ஆய்வகத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். பக்கத்துப் பல்லின் நிறத்துக்குச் சரியாகப் பொருந்துகிற மாதிரி செயற்கைப் பல்லுக்கு நிறம் ஏற்றுவதில் அங்கே அவளுக்கு நல்ல பேர். ஒருநாள் பையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். அறைக்குள் போனாள். கதவைச் சாத்தினாள். ஏன், என்ன ஆச்சு, யார் என்ன சொன்னார்கள் என்று கேட்டோம். கேட்டுக்கொண்டே இருந்தோம். அதுதான் நாங்கள் செய்த காரியம்.

நாங்கள் இரண்டு பேரும் வேலைக்குப் போனபிறகு வெளியே வந்து சாப்பிடுகிறாள். கழுவிக் கவிழ்த்த தட்டைப் பார்த்துத் தெரிந்துகொள்வோம். துணி துவைத்துக் காயப்போட்டிருப்பாள். நாங்கள் திரும்பி வந்துவிட்டால் அறைதான். வெளியே நின்று பேசினால் பதில் வராது.

ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். கதவு பூட்டியில்லை. தாழ்ப்பாள்கூடப் போடுவதில்லை. அது முன்பு சாமான் அறையாக இருந்தது, அதனால் கதவு கூடத்துப் பக்கமாகத் திறக்கும். ஒரு விரலால் இழுத்தால் போதும்.

(இழுத்துப் பார்த்தீர்களா என்று கேட்பீர்கள். முதல் வாரமே இழுத்தேன். அவள் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து ஏதேதோ பேசினேன், அழுதேன், போர்வையைச் சரிசெய்தேன். திரும்பி வந்தபோது அறைக்குள் போய்வந்த மாதிரியே இல்லை. அதற்கப்புறம் இழுக்கவில்லை.)

என் கணவர் பூட்டுக்காரர். சாவியைத் தொலைத்தவர்கள், சாவியை உள்ளே வைத்துக் கதவைச் சாத்திக்கொண்டவர்கள், இரும்பு அலமாரி திறக்காமல் திண்டாடுகிறவர்கள் எல்லாரும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். ஊர்க் கதவையெல்லாம் திறக்கிறவர் வீட்டில் ஒரு கதவு இப்படி. இதைச் சொல்லிச் சிரிக்க வேண்டுமென்றால் சிரித்துக்கொள்ளுங்கள், எங்கள் மாடிவீட்டுக்காரர்கள் ஏற்கெனவே சிரித்துவிட்டார்கள்.

அப்படியிருக்கும்போது ஒரு விடுமுறை நாள் காலையில் அந்த ஒயர் ஆள் வந்தார். இன்டர்நெட் பெட்டி இருப்பது அவள் அறையில். எப்படிப் பக்குவமாக விஷயத்தைச் சொல்வது என்று நான் வார்த்தை தேடிக்கொண்டிருந்தேன். அதற்குள் அவர் கதவைத் தட்டி, "பெட்டி பாக்கணுங்க," என்று சொல்லி உள்ளே போய்விட்டார். பேச்சுச் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் சிரிப்பு. என் மகளுடைய சிரிப்பு.

வெளியே வந்து கையைத் தட்டிக்கொண்டே சொன்னார்: "ஒயர எலி கடிச்சிருக்கும்மா. உங்க பொண்ணுதான் கரெக்டா எடத்தக் காமிச்சாங்க. நல்லா தமாஷா பேசறாங்க."

எனக்கு வயிறு எரிந்தது. பெற்றவள் வாசலில் கால்கடுக்க நிற்கிறேன், எலி கடித்த ஒயருக்காக வந்தவருக்குக் கதவு திறக்கிறது. அவருக்கு அங்கே ஒயரைத் தவிர வேறெதுவும் வேண்டியிருக்கவில்லை. அன்று சாயங்காலம் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து ஒரு தாளில் எழுதினேன்: ஓர் ஊரில் ஒரு மந்திரக் குறி இருந்தது. அதை ஒரு கதவில் வரைந்துவிட்டால், உள்ளே போக வேண்டும் என்று நினைக்காதவர் கைக்கு மட்டும்தான் அந்தக் கதவு திறக்கும்.

2

அது தொடக்கமாக இருக்க முடியாது என்று தோன்றியது. மாயாஜாலக் கதை என்றால் கொஞ்சம் தூரத்திலிருந்து நடந்து வரவேண்டும். ஆகவே:

ஏழு மலைகளுக்கு அப்பால், இரண்டு நிலவுகள் காய்கிற தேசத்தில், பளிங்கு மாடங்கள் நிறைந்த ஒரு மாநகரம்—

இதை எழுதியவுடன் வாய்விட்டுப் படித்தேன். அது என் தொழில் பழக்கம். அச்சகத்தில் ஒருத்தர் மூலத்தை உரக்கப் படிக்க, இன்னொருத்தர் அச்சடித்த தாளைப் பார்த்துச் சரிபார்ப்போம். காதில் விழாத பிழை கண்ணில் படாது என்பது எங்கள் நம்பிக்கை. வீட்டில் எனக்குக் கேட்கிற ஆள் கணவர்தான். கூடத்தில் பழைய நாளிதழை விரித்துப் பூட்டுகளைப் பிரித்து எண்ணெய் விட்டுக்கொண்டிருப்பார்.

"ரெண்டு நிலாவா? எதுக்கு?" என்றார்.

"வேற உலகம்ல. சும்மா ஒரு இதுக்கு."

"கதவுக்கும் நிலாவுக்கும் சம்பந்தம் உண்டா?"

"இல்ல."

"அப்ப எடுத்துடு. மலையையும் எடுத்துடு."

எடுத்துவிட்டேன். பளிங்கு தானாகப் போய்விட்டது. மிஞ்சியது ஒரு சாதாரண ஊர்: படிக்கட்டு வைத்த குறுகலான தெருக்கள், தெருவுக்கு ஒரு விளக்கெண்ணெய்க் கடை. மரக்கதவுகளில் பூட்டு கிடையாது. முக்கியமான அறைகளுக்குக் குறி உண்டு. வேண்டாக்குறி என்று அதற்குப் பேர். நகையை, பத்திரத்தை, சண்டை போட்ட மனைவியின் கடிதங்களை அறைக்குள் வைத்துச் சாத்திக் கதவில் குறியை வரைந்துவிட்டால் திருடனால் திறக்க முடியாது, ஏனென்றால் அவனுக்கு அது வேண்டும்.

"சொந்தக்காரனாலயும் தொறக்க முடியாதே," என்றார் கணவர்.

"ஆமா. அவனுக்கும் வேணும்ல."

அவர் கையிலிருந்த பூட்டைக் கீழே வைத்தார். "இது பூட்டே இல்ல. பூட்டுன்னா யாராவது ஒருத்தனுக்காவது சாவி இருக்கணும்."

"இருக்கு. வேண்டாதவன்கிட்ட இருக்கு."

(இந்த இடத்தில் என் வாசகர்கள் சிலர் புத்திசாலித்தனமாகக் கேள்வி கேட்பார்கள். ஆடு வந்து முட்டினால் திறக்குமா? காற்று? காற்றுக்கு ஒன்றும் வேண்டாமே? கை வைத்தால்தான் திறக்கும் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆட்டுக்குக் கை கிடையாது. ஜன்னல்? அந்த ஊரில் ஜன்னல்கள் மிகச் சிறியவை. தயவுசெய்து மேலே போகலாம்.)

குறியின் வடிவம்: ஒரு வட்டம், நடுவில் ஒரு புள்ளி. கையை எடுக்காமல் ஒரே இழுப்பில் வரைய வேண்டும், வட்டத்தையும் புள்ளியையும் சேர்க்கிற கோடு தெரியக் கூடாது. அது நடக்காத காரியம், ஆகவே மந்திரம்.

"நடக்காததுன்னா அந்த ஊர்ல எப்படி வரையறாங்க?" என்றார். எழுந்து ஒரு பழைய ரசீதின் பின்பக்கத்தில் வரைந்து பார்த்தார். புள்ளியில் ஆரம்பித்தால் வட்டத்துக்குப் போக ஒரு கோடு விழுந்தது. வட்டத்தில் ஆரம்பித்தால் புள்ளிக்குப் போக ஒரு கோடு விழுந்தது. ரசீதை மேசையில் போட்டுவிட்டுப் படுக்கப் போனார்.

3

இப்போது கதாபாத்திரம். இவளைப் பற்றி எனக்குச் சந்தேகம் உண்டு, உங்களிடம் மறைக்கமாட்டேன்.

அந்த ஊரில் கதவாள் என்று ஒரு தொழில். அடைத்த அறையிலிருந்து எதையாவது எடுக்க வேண்டுமென்றால் கதவாளைக் கூப்பிட வேண்டும். அவளுக்கு அந்த அறையில் எதுவும் தேவையில்லை. ஆகவே அவள் கை வைத்தால் திறக்கும். என் கதவாளுக்கு ஐம்பது வயதிருக்கும். தடித்த கைகள். பாதி வேலையில் கொட்டாவி விடுவாள். யார் வீட்டில் இழவு, யார் வீட்டில் கல்யாணம் என்று அவளிடம் சொன்னால், "சரி, எந்தக் கதவு?" என்பாள். தொழிலில் அவளை மிஞ்ச ஆளில்லை.

அவள் போடுகிற நிபந்தனை ஒன்றே ஒன்று. உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்லக் கூடாது.

இதை நான் கற்பனை செய்யவில்லை, வீட்டிலிருந்து எடுத்தேன். கணவர் வேலைக்குப் போகிற இடத்தில் முதலில் சொல்வது இதுதான்: "உள்ள என்ன இருக்குன்னு சொல்லாதீங்க. தொறந்தப்புறம் நானே பாத்துக்கறேன்." ஒருமுறை ஒரு வீட்டில் அடுப்பு எரிந்துகொண்டிருக்கிறது என்று அழுது சொல்லிவிட்டார்களாம். வழக்கமாக ஒரு நிமிஷத்தில் திறக்கிற பூட்டு, கம்பி வழுக்கிக்கொண்டே இருந்ததாம். அவர்களை மாடிக்கு அனுப்பிவிட்டு, ஏதோ ஒரு பூட்டு என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டபிறகுதான் கை கேட்டதாம்.

என் சந்தேகம் இதுதான். ஒன்றையும் வேண்டாதவளை வைத்துக் கதை எழுத முடியுமா? கதை என்றால் யாருக்காவது ஏதாவது வேண்டும். இவள் கதவைத் திறக்கிறாள், கூலி வாங்குகிறாள், வீட்டுக்குப் போய்த் தூங்குகிறாள். மூன்று பக்கம் எழுதியும் அவள் தூங்கிக்கொண்டேயிருந்தாள். அவளை எழுப்ப ஒரு வாடிக்கையாளர் வேண்டியிருந்தது. ஒரு ரத்தின வியாபாரியைக் கொண்டுவந்தேன், பெட்டகம் மாட்டிக்கொண்டது என்றான். அடித்துவிட்டேன். ஒரு இளவரசனைக் கொண்டுவந்தேன். அவனையும். கடைசியில் தாளைப் பார்த்து எனக்கே சலிப்பு வந்து, யாரை எழுத வேண்டுமோ அவளை எழுதினேன்: விளக்கெண்ணெய்க் கடைக்காரி. அவளுடைய மகள் தன் அறைக் கதவில் தானே வேண்டாக்குறியை வரைந்து உள்ளே சாத்திக்கொண்டுவிட்டாள்.

4

மறுநாள் காலையில் சாப்பாட்டு மேசையில் அந்த ரசீது வேறு மாதிரி கிடந்தது.

ஒரு மூலை மடித்துப் பிரித்திருந்தது. அவர் வரைந்ததற்குக் கீழே புதிதாக ஒன்று: நடுவில் புள்ளி, சுற்றிலும் சுத்தமான வட்டம், இடையில் கோடு இல்லை. திருப்பிப் பார்த்தால் கோடு ரசீதின் மறுபக்கத்தில் இருந்தது. மூலையை மடித்துப் புள்ளியோடு சேர்த்து, மடிப்பின் மேல் கோட்டை ஏற்றிக் கொண்டுபோய் வட்டத்தைத் தொடங்கி, அப்புறம் மடிப்பைப் பிரித்திருக்கிறாள். கையை எடுக்கவில்லை. பல்லுக்கு நிறம் ஏற்றுகிற கை, கோடு கொஞ்சம்கூட நடுங்கவில்லை.

நான் ரசீதைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். கணவர் பார்த்தார். "கேட்டுட்டுத்தான் இருக்கா," என்றார்.

அவளுக்கு நாங்கள் பேசுவது கேட்கிறது. நான் கதவுக்கு வெளியே நின்று கெஞ்சியது, அழுதது, மிரட்டியது எல்லாமும் கேட்டுத்தான் இருக்கும். அதற்கெல்லாம் எழுந்து வராதவள் ஒரு புதிருக்காக எழுந்து வந்திருக்கிறாள். எனக்குச் சந்தோஷமாகவும் இருந்தது, அவமானமாகவும் இருந்தது.

அன்று மாலை நான் கதவுப் பக்கம் நாற்காலியை நகர்த்திப் போட்டுக்கொண்டு கொஞ்சம் உரக்கப் படிக்க ஆரம்பித்தேன்.

"கத்தாத," என்றார் கணவர் மெதுவாக. "நாற்காலிய பழைய எடத்துல போடு. என்னப் பாத்துப் படி."

"அவளுக்குக் கேக்கணும்ல."

"அவளுக்காகப் படிக்கறேன்னு தெரிஞ்சா போச்சு."

நாற்காலியைப் பழைய இடத்தில் போட்டேன்.

5

எண்ணெய்க் கடைக்காரியின் பகுதியைச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் எழுதியபோது நீண்டுவிட்டது, நீண்டதற்குக் காரணம் உங்களுக்குத் தெரியும்.

அவள் கதவாளைக் கூட்டிவருகிறாள். கதவாள் நிபந்தனையைச் சொல்கிறாள். கடைக்காரி வாயை இறுக்கி மூடிக்கொண்டு படியேறுகிறாள். கடைசிப் படியில் முடியவில்லை. "நேத்துலேருந்து தண்ணிகூடக் குடிக்கல," என்று சொல்லிவிடுகிறாள். கதவாள் கையை வைக்கிறாள். கதவு அசையவில்லை. இத்தனை வருஷத் தொழிலில் முதல் தடவையாக ஒரு கதவு அவளுக்குத் திறக்கவில்லை. அவள் கையைத் திருப்பிப் பார்க்கிறாள், முகம் தொங்கிப்போகிறது, கூலி வாங்காமல் போய்விடுகிறாள்.

கடைக்காரி அடுத்த கதவாளைக் கூட்டிவருகிறாள். இந்தமுறை வாயில் துணியைக் கட்டிக்கொள்கிறாள். ஆனால் கண் இருக்கிறதே. அந்தக் கண்ணைப் பார்த்த கதவாளுக்கும் மனசு இளகிவிட்டது. கதவு அசையவில்லை. இப்படியே ஊரிலுள்ள கதவாட்கள் எல்லாரையும் அவள் ஒவ்வொருத்தராகக் கெடுத்துவிடுகிறாள். கடைசியில் அந்த ஊரில் அவள் மகளைப் பற்றிக் கவலைப்படாத ஆளே கிடையாது. அதனால் கதவைத் திறக்க ஆளே கிடையாது.

(இதுவும் கற்பனை இல்லை. ஒயர் ஆளை நான் மறுபடி கூப்பிட்டேன், ஒயரில் ஒரு கோளாறும் இல்லாமலே. வாசலிலேயே நிறுத்தி, கொஞ்சம் அவளிடம் பேசிப் பாருங்கள், வெளியே வரச் சொல்லுங்கள், உங்களுக்குப் புண்ணியமாகப் போகும் என்று எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். பாவம், அவர் கதவைத் தட்டிய விதமே மாறிவிட்டது. மெல்லத் தட்டினார். "உள்ள வரலாங்களா?" என்றார். பதில் இல்லை. எனக்கு முன்னால் நிற்கக் கூச்சப்பட்டுக்கொண்டு கிளம்பிப் போய்விட்டார். நல்ல மனுஷர். நான் கெடுக்கும்வரை சரியான ஆளாக இருந்தார்.)

இதைப் படித்து முடித்தபோது கணவர் பூட்டின் ஸ்பிரிங் எங்கோ தெறித்து விழுந்துவிட்டதென்று நாளிதழைத் தூக்கித் தேடிக்கொண்டிருந்தார். அப்போது பின்னறையிலிருந்து குரல் வந்தது.

"அந்தக் குறி உள்பக்கமும் வேலை செய்யுமா?"

அவள்தான். தொண்டையைச் செருமாமல், பாதிப் பேச்சில் வந்து சேர்ந்துகொண்டவள் மாதிரி கேட்டாள். நான் எழுந்துவிட்டேன். கணவர் என் மணிக்கட்டைப் பிடித்தார். அவர் கையில் எண்ணெய். தலையை மட்டும் ஆட்டினார், வேண்டாம் என்று. நான் உட்கார்ந்தேன். தாளைப் பார்த்தேன், எழுத்து ஒன்றும் தெரியவில்லை.

"அத இன்னும் யோசிக்கல," என்றேன். என் குரல் எனக்கே அச்சகத்துக் குரல் மாதிரி கேட்டது.

"யோசி," என்றாள்.

6

யோசித்தேன். மறுநாள் அச்சகத்தில் ஒரு இருமல் மருந்தின் அளவை மூன்று இடத்தில் தப்பாக விட்டுவிட்டு, நல்லவேளை பக்கத்து மேசைக்காரர் பார்த்ததால் தப்பினேன். அவ்வளவு யோசித்தேன்.

குறிக்கு முன்பக்கம் பின்பக்கம் கிடையாது. அது கதவைப் பிடிக்கிறது. கதவுக்கு இரண்டு பக்கமும் கதவுதான். ஆகவே உள்ளே இருக்கிறவளுக்கும் அதே விதி: வெளியே வர வேண்டும் என்று நினைக்காவிட்டால்தான் திறக்கும். வர வேண்டும் என்று நினைத்துக் கை வைத்தால் திறக்காது.

இதைத் தாளில் எழுதியபிறகு பேனாவை மூடிவிட்டேன். இத்தனை மாதமும் அவளுக்கு வெளியே வர மனமில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எங்கள் மேல் கோபம், அழுத்தக்காரி, நெஞ்சு கல் என்று என் அக்காவிடம் தொலைபேசியில் புலம்பியிருக்கிறேன். வர வேண்டும் என்று நினைத்து அவள் கதவில் கை வைத்திருக்கக்கூடும், எத்தனையோ தடவை, நாங்கள் கூடத்தில் இருக்கிற நேரத்தில் என்று ஒரு தடவைகூட எனக்குத் தோன்றவில்லை. அவள் அந்தக் கேள்வியைக் கதைக்காகத்தான் கேட்டாளா என்று எனக்குத் தெரியாது. கதவுக்கு அந்தப் பக்கம் ஒரு கை இருப்பதாக நினைத்துப் பார்த்தேன், அழுகை வந்தது. அச்சகக் கழிப்பறையில் போய் அழுதுவிட்டு முகம் கழுவிக்கொண்டு வந்தேன்.

மாலையில் படித்தேன். "வேண்டாக்குறி இரண்டு பக்கமும் வேலை செய்தது," என்ற வரி வந்ததும் நிறுத்தாமல் தாண்டிப் போனேன்.

உள்ளேயிருந்து, "ம்," என்று வந்தது.

7

இனி முடிவு. கையில் மூன்று வைத்திருந்தேன். ஒரு வாரத்தில் இரண்டை ஒவ்வொன்றாகப் படித்துக் காட்டினேன், கணவருக்கு. உங்களுக்கும் சொல்லிவிடுகிறேன்.

முதல் முடிவு. வெளியூரிலிருந்து ஒரு கதவாள் வருகிறாள். இந்த ஊர்ப் பாஷை தெரியாது, வரும்போது இருட்டு, கடைக்காரியின் கண்ணையும் பார்க்கவில்லை. கை வைக்கிறாள், திறக்கிறது. மகள் வெளியே வருகிறாள், தாயும் மகளும் கட்டிக்கொள்கிறார்கள், ஊரே—

"அவ ஏன் வரணும்?" என்றது பின்னறைக் குரல். "யாரோ வந்து கதவத் தொறந்தா உடனே எழுந்து வந்துடுவாளா? தொறந்தா தொறந்திருக்கும். அவ்வளவுதான்."

நியாயம்தான். என் வீட்டுக் கதவும் அப்படித்தானே இருக்கிறது. அடித்துவிட்டேன்.

இரண்டாவது முடிவு. தாய் வேண்டுவதை விட்டுவிடுகிறாள். வருஷங்கள் போகின்றன. கடை, கணக்கு, மழை, வெயில். ஒருநாள் துடைப்பத்தை எடுக்கப் போகிறவள் தடுமாறி அந்தக் கதவில் கை வைக்கிறாள், கதவு திறந்துகொள்கிறது. அவள் உள்ளே எட்டிப் பார்க்காமல் துடைப்பத்தை எடுத்துக்கொண்டு போய்விடுகிறாள்.

இலக்கியம் என்று பார்த்தால் இதுதான் நல்ல முடிவு. பத்திரிகை ஆசிரியருக்குப் பிடிக்கும். படித்து முடித்ததும் கணவர் எண்ணெய்த் துணியை மடித்து வைத்தார்.

"இத எடுத்துடு," என்றார்.

"கதைக்கு இதுதான்—"

"கதைக்கு எதுவா வேணா இருக்கட்டும். எடுத்துடு."

கிழித்தேன். அவளுக்குக் கேட்கிற மாதிரி கிழித்தேன்.

மூன்றாவதைப் படிக்கவே இல்லை. அதில் மகள் காத்திருக்கிறாள், வெளியே வரும் ஆசை தீர்ந்துபோகும்வரை. அதை எழுதிய நாள் எனக்கு உடம்பு சரியில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஆக என்னிடம் முடிவு இல்லை. இன்னொன்றும் சொல்ல வேண்டும்: எனக்கு முடிவு வேண்டியிருக்கவும் இல்லை. கதை முடிந்துவிட்டால் அந்தக் குரலுக்கு என்னிடம் கேட்க என்ன இருக்கும்? ஆகவே கடைக்காரியின் கடை, தெரு, வாடிக்கையாளர்கள், எண்ணெய்ப் பீப்பாயின் மூடி என்று வளர்த்துக்கொண்டே போனேன். இந்தப் பகுதிகளை உங்களுக்காக வெட்டிவிட்டேன். சகிக்காது.

8

இன்று அவளுக்கே பொறுக்கவில்லை.

"அம்மா, பீப்பாய் போதும்," என்றாள் உள்ளேயிருந்து. அம்மா என்றாள். நான் தாளை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். "ஒண்ணு கேக்கறேன். குறி கதவுலதான இருக்கு? கதவையே கழட்டிட்டா குறி என்ன பண்ணும்?"

யோசித்தேன், உண்மையாகவே. கழற்றிச் சாய்த்து வைத்த கதவு எதையும் மூடியிருக்காது. அதைத் திறக்கவும் முடியாது, திறக்காமலிருக்கவும் முடியாது. குறி அப்போதும் வேலை செய்துகொண்டுதான் இருக்கும், ஆனால்—

இந்த வாக்கியத்தை நான் முடிக்கவில்லை, ஏனென்றால் கணவர் எழுந்துவிட்டார். கருவிப்பையிலிருந்து சுத்தியலையும் ஒரு நீள ஆணியையும் எடுத்துக்கொண்டு பின்னறை வாசலுக்குப் போனார். கீல் மூன்றும் கூடத்துப் பக்கம்தான். குனிந்து அடிக் கீலைத் தொட்டுப் பார்த்தார்.

"எப்படியும் இந்தக் கதவு அடில உரசுது," என்றார், யாரிடமும் இல்லாமல். "செதுக்கணும்."

அவள் வேண்டாம் என்று சொல்லவில்லை. சரி என்றும் சொல்லவில்லை. அவர் நீள ஆணியை அடியில் வைத்து, கீலைக் கோத்திருந்த ஆணியை மேலே தட்ட ஆரம்பித்தார். துருப்பிடித்த கீல், சுலபத்தில் விடுகிறதாக இல்லை.

"நீ படி. நிறுத்தாத," என்றார் என்னிடம், திரும்பாமல்.

தாளில் இருந்தது அப்போதே தீர்ந்துவிட்டது. இனி நீங்கள் கேட்பதை நான் எழுதவில்லை. வெற்றுத் தாளைப் பார்த்து வாய்க்கு வந்ததைச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அது எப்படி அச்சுக்கு வந்தது என்று கேட்காதீர்கள், கேட்டால் மிச்சத்தையும் சொல்ல வேண்டிவரும். எண்ணெய்க் கடைக்காரி காலையில் கடை திறந்தாள், என்கிறேன். வாசல் தெளித்தாள். முதல் வாடிக்கையாளர் அரைப்படி கேட்டார், என்கிறேன். அடிக் கீலின் ஆணி விழுந்தது. கடைக்காரி புனலை எடுத்தாள். புனல் சுத்தமாக இல்லை. நடுக் கீலின் ஆணி விழுந்தது. அந்த ஊரில் கதவைக் கழற்றலாம் என்று அதுவரை யாருக்கும் தோன்றவே இல்லை, என்கிறேன், எல்லாரும் திறப்பதைப் பற்றியே நினைத்துக்கொண்டிருந்தார்கள். இது கொஞ்சம் நல்ல வரி. எழுதிவைக்க வேண்டும்.

"மேல் ஆணிய எடுத்தா சாயும்," என்கிறார் கணவர், கதவைப் பார்த்து. "கனமான கதவு. உள்ளேருந்து ஒரு கை பிடிச்சுக்கணும்."

வாடிக்கையாளர் காத்திருந்தார், என்கிறேன். அவருக்கு அவசரமில்லை, என்கிறேன். கட்டில் கிரீச்சிட்டது. தரையில் காலடிச் சத்தம்.

"பிடிச்சிருக்கியாம்மா?"

"பிடிச்சிருக்கேன்ப்பா. அடிங்க."

சுத்தியல் சத்தம். நான் தாளிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. எடுத்தால் என் முகத்தில் எல்லாமே தெரிந்துவிடும், என்னால் அதை மறைக்க முடியாது, துணியைக் கட்டிக்கொண்டாலும் முடியாது. ஆகவே நீங்கள் பாருங்கள். உங்களுக்கு அந்த அறையில் ஆக வேண்டியது ஒன்றுமில்லை. அப்படியே ஏதாவது ஆகவேண்டியிருப்பதாக இப்போது தோன்றினால், அது நான் உங்களையும் கெடுத்துவிட்டதால்தான். மன்னியுங்கள், பார்க்கவும் வேண்டாம். பார்த்தவர்கள் என்னிடம் எதுவும் சொல்ல வேண்டாம். கடைக்காரி அரைப்படி எண்ணெயை அளந்து ஊற்றினாள், என்கிறேன். நான் இன்னும் படிக்க வேண்டியிருக்கிறது.